கட்டு அவிழ்த்த கை

தொட்டில் ஆடத் தொடங்கிய பிறகுதான் குழந்தை அழுதது.

அடுப்படியில் புட்டிப்பாலுக்கு வெந்நீரை இரண்டு குவளைகளில் மாற்றி மாற்றி ஊற்றி ஆற்றிக்கொண்டிருந்த குணசுந்தரிக்கு முதலில் அது உறைக்கவில்லை. ஹாலில் மோட்டார் உறுமி எழுந்தது. ஸ்பிரிங் கிரீச்சிட்டது. அதன் பிறகு ஒரு மூச்சு இழுத்து விடுகிற நேரத்துக்கு வேறு சத்தமில்லை. அதற்கும் பிறகுதான் உமையாள் சிணுங்கி, சிணுங்கல் முற்றி அழுகையானது. ஊற்றிக்கொண்டிருந்த கை அப்படியே நின்றுவிட்டது.

நம் பக்கத்து வீடுகளில் தொங்குகிற ஸ்பிரிங் தொட்டில்தான் கண்ணுகளா, உங்களை ஆட்டியதும் அதில்தான். கூரையில் கொக்கி, கொக்கியில் ஸ்பிரிங், ஸ்பிரிங்கில் சாரோங் துணி. இந்தத் தொட்டிலுக்கு மட்டும் மேலே ஒரு குட்டி மோட்டார். பிள்ளை அழுதால் அது கேட்டுக்கொள்ளும், கேட்டதும் ஆட்டும். அழுகை முதலில், ஆட்டம் பிறகு. வாங்கிப் போட்ட நாளிலிருந்து அந்த வரிசை மாறினதில்லை.

போய்ப் பார்த்தாள். பிள்ளைக்கு ஒன்றுமில்லை. ஆட ஆட அழுகை ஓய்ந்து, வாயில் விரலைப் போட்டுக்கொண்டு மேலே பார்த்துக் கிடந்தது. அம்மாவின் முகத்தைப் பார்க்கவில்லை. அம்மாவின் தோளுக்குப் பின்னால், கொஞ்சம் உயரத்தில், ஒரு ஆள் நின்றால் முகம் இருக்கிற உயரத்தில் பார்த்தது.

மழைக்கு முந்திய சாயங்காலம் அது. கோலா கெத்திலின் ஓரத்தில் அந்தத் தாமான் குடியிருப்பு, வீட்டுக்குப் பின்னால் ஒரு கால்வாய், கால்வாய்க்கு அப்பால் எஸ்டேட்டுச் செம்பனை வரிசை வரிசையாய் இருட்டிக்கொண்டு வந்தது. ரப்பர் ஃபேக்டரிப் பக்கமிருந்து ஒட்டுப்பால் நாற்றத்தைக் காற்று வாரிக்கொண்டு வந்து ஜன்னல் கம்பியில் அப்பிவிட்டுப் போனது. சூராவ் தொழுகைக்கூடத்தில் மஃரிப் பாங்கு சொல்லி முடித்த பிறகு தெருவில் ஒரு குரல் இல்லை, ஒரு மோட்டார் சைக்கிள் இல்லை. புருஷன் வசந்தன் ஃபேக்டரியில் மத்தியான ஷிப்ட், வர நேரமாகும். குணா நாற்காலியில் உட்கார்ந்தாள், எழுந்தாள், துணி மடித்தாள், மடித்ததை உதறித் திரும்ப மடித்தாள். எதுவும் கையில் நிற்கவில்லை.

கடைசியில் மடிக்கணினியைத் திறந்தாள். தொட்டிலை ஆட்டச் சொல்லி உத்தரவு எங்கிருந்து வந்தது என்று பார்க்க அவளுக்குத் தெரியும். அதுதான் அவள் வேலை.

சுங்கை பட்டாணியில் ஒரு சின்ன கம்பெனி. பூட்டு, கேட், கேமரா, தொட்டில் என்று போனிலிருந்தே இயக்குகிற சாமான்களை வீடுகளுக்குப் போட்டுக் கொடுப்பார்கள். அந்தச் சாமான்களுக்கெல்லாம் உத்தரவு போடுகிற கணினிகள் அவர்கள் ஆபீசில் கிடையாது. எங்கேயோ தூர தேசத்தில் யாரோ கட்டிய பெரிய கட்டடத்துக்குள் வாடகைக்கு ஓடிக்கொண்டிருக்கும். அதற்குத்தான் கிளவுட் என்று பெயர். அந்த வாடகைக் கணினிகளை யார் தொடலாம், யார் தொடக்கூடாது என்று அனுமதி கொடுப்பதும் பிடுங்குவதும் குணாவின் பொறுப்பு.

ஆளுக்கு மட்டுமல்ல, அந்தக் கணினிக்கே ஒரு அனுமதி வேண்டும். ரோல் என்பார்கள். வேஷம் என்று வைத்துக்கொள்ளுங்கள். கூத்தில் ராஜா கிரீடத்தை யார் தலையில் வைத்தாலும் மேடையில் அவன் சொல் செல்லும். கழற்றினால் செல்லாது. யார் யார் அந்தக் கிரீடத்தைத் தொடலாம் என்பதில்தான் சூட்சுமம் எல்லாம்.

கம்பெனியின் எல்லாப் பூட்டையும் எல்லாத் தொட்டிலையும் ஆளுகிற வேஷத்துக்குக் குணாவே 'காவல்' என்று பேர் வைத்திருந்தாள். அதை ஒரு கணினி மட்டும்தான் போட்டுக்கொண்டிருக்க வேண்டும். இப்போது ஒரு மனிதரும் போட்டிருந்தார். திரையில் பெயர் தெளிவாக இருந்தது.

சிவநேசன்.

சிவநேசனைப் புதைத்து, எட்டாம் துக்கமும் முடிந்திருந்தது.

*

அண்ணன் என்றுதான் அவரைக் கூப்பிடுவாள். கம்பெனியின் மூத்த ஊழியர் அவர்தான். கணினிகள், பூட்டுகள், சட்டதிட்டம் எல்லாமே அவர் கைப்பட்டது. வாயில் எப்போதும் ஒரு கறுப்பு இருமல் மிட்டாய் உருண்டுகொண்டிருக்கும். யார் எந்தப் பிரச்சினையோடு போனாலும் மிட்டாயை ஒரு கன்னத்திலிருந்து மறு கன்னத்துக்குத் தள்ளிவிட்டு, "நான் பாத்துக்கறேன்லா, நீ போ" என்பார். பார்த்தும் கொள்வார். ஆனால் பார்த்துக்கொள்கிற உரிமையை மட்டும் இன்னொருவருக்குத் தரமாட்டார். எல்லாம் அவர் சொந்தப் பெயரில், அவர் போனில், அவர் கட்டைவிரல் ரேகையில் இருந்தது.

குணாவுக்குக் கூடப்பிறந்த ஆண் கிடையாது. உமையாளுக்குத் தொட்டில் போட்ட அன்று தாய்மாமன் இல்லையே என்று அவள் கண் கலங்கி நின்றபோது, சிவநேசன்தான் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு நாற்காலியில் ஏறிக் கொக்கியை மாட்டி, மோட்டாரையும் பொருத்தி, பிள்ளையைத் தன் கையால் கிடத்தினார். "மாமன் சீர் இது. மாமன் கைதான் முதல்ல ஆட்டணும்." ஆட்டினார்.

அப்புறம் ஒரு காலையில் குளியலறையில் விழுந்தவர் எழவேயில்லை.

துக்க வீட்டுக்குக் குணா போய்ச் சேர்ந்தபோதே முதலாளி மனோகரன் அவளை ஓரமாக இழுத்தார். "குணா, எல்லாம் அவரு பேருல கிடக்கு. இன்னைக்குள்ள மாத்தலைன்னா நாளைக்கு ஒரு வீட்டுக் கதவு தெறக்காது. அவரு போன்ல ஓகே வேணும். ரேகைலா. பொட்டிய மூடிட்டா அப்புறம் எங்க போறது?"

சிவநேசனின் மனைவி பிரேமாவதி எந்தக் கேள்வியும் கேட்கவில்லை. "எடுத்துக்கம்மா" என்று போனை நீட்டிவிட்டுச் சுவரில் சாய்ந்துகொண்டாள். குளிப்பாட்டி, வேட்டி கட்டி, அவரைப் பெட்டிக்குள் வைத்தாகிவிட்டது. சடங்குக்குப் பூசாரி எல்லாரையும் வாசலுக்குக் கூப்பிட்டார். ஹாலில் குணா மட்டும் நின்றாள்.

உங்களுக்குத் தெரியும், செத்தவரின் கால் பெருவிரல் இரண்டையும் சேர்த்துக் கட்டுவோம். கைக் கட்டைவிரல் இரண்டையும் வெள்ளைத் துணி நாடாவால் சேர்த்து நெஞ்சின்மேல் கட்டிவிடுவோம். அந்தக் கட்டைக் குணா அவிழ்த்தாள். வலது கட்டைவிரலைப் போனில் வைத்து அழுத்தினாள். ஏற்கவில்லை. செத்த விரலைப் போன் ஏற்காது என்று அவளுக்குத் தெரியாதா? மறுபடி அழுத்தினாள். ஏற்கவில்லை. அப்புறம் என்ன நினைத்தாளோ, அந்த விரலைத் தன் இரண்டு உள்ளங்கைக்கும் நடுவில் வைத்துத் தேய்த்தாள், குளிரில் வந்த பிள்ளைக்குச் செய்வதுபோல. வாயருகே கொண்டுபோய் ஊதினாள். வைத்தாள்.

போன் திறந்துகொண்டது.

மளமளவென்று வேலை செய்தாள். காவல் என்று ஒரு வேஷத்தை உண்டாக்கிக் கணினிக்குப் போட்டாள். வேஷம் ஒழுங்காக நிற்கும்வரைக்கும் இருக்கட்டுமென்று சிவநேசன் பெயரையும் அதில் சேர்த்துவிட்டாள், பிறகு எடுத்துக்கொள்ளலாம் என்று. அதற்குள் வாசலில் தப்பு மேளம் முழங்க, பெட்டியை மூட ஆட்கள் உள்ளே வந்துவிட்டார்கள். போனைப் பிரேமாவதி கையில் திணித்துவிட்டு வெளியே ஓடி வந்தாள். அவிழ்த்த நாடா அவள் முந்தானைக்குள் கையோடு வந்துவிட்டது.

முற்றத்தில் நிற்கும்போது செல்லாயிக் கிழவியின் குரல் கேட்டது. பிணம் குளிப்பாட்டியவள் அவள்தான். "வெரல்கட்ட யாருடா அவுத்தது? நான் முடிச்சுப் போட்டுக் கட்டினேனே!"

"மழை வருது பாட்டி. லோரிக்காரன் கத்துறான். வெலகு, வெலகு."

"டேய், வேலை செஞ்ச கைடா அது! கட்டாம அனுப்பினா வேலை தேடும்டா!"

யாரோ சிரித்தார்கள். மூடியில் ஆணி இறங்கியது. குணா முந்தானையை இழுத்து நாடாவை மூடிக்கொண்டாள். வீட்டுக்கு வந்ததும் அந்த நாடாவைப் பின்பக்கக் கால்வாயில் போட்டாள். மழைத் தண்ணீர் இழுத்துக்கொண்டு போனதைக் கண்ணால் பார்த்துவிட்டுத்தான் உள்ளே வந்தாள்.

*

மழை பிடித்துவிட்டது. தகரக் கூரையில் முதல் துளிகள் ஒன்றொன்றாக விழுந்து, அப்புறம் எண்ண முடியாமல் கொட்டின. குணா மனோகரனுக்குப் போன் போட்டாள்.

"என்ன குணா, மக்கான் நேரத்துல?"

"பாஸ், சிவநேசண்ணன் பேரு காவல் ரோல்ல இன்னும் இருக்கு."

"இருக்கும்லா. நீதானே சேத்த?"

"சேத்தது நான்தான். இப்ப அந்தப் பேருல யாரோ உள்ள இருக்காங்க பாஸ். எங்க வீட்டுத் தொட்டில ஆட்டுறாங்க."

மனோகரன் சோற்றை மென்றுகொண்டே சிரித்தார். "மனுசன் உசுரோட இருக்கும்போதே லீவு எடுக்கமாட்டாரு. செத்தும் ஓவர்டைமா? பிரேமாக்கா அந்தப் போன நோண்டியிருக்கும். பேர எடுத்து வீசு, கதை முடிஞ்சிது. பிள்ளைய வெச்சுக்கிட்டுத் தனியா இருக்கியா? டிவியப் போட்டுக்க, சத்தமா இருக்கும்."

நியாயமாகத்தான் பட்டது. குணா பெயரைத் தேர்ந்தெடுத்து 'நீக்கு' என்பதை அழுத்தினாள்.

திரையில் ஒரு சின்ன வட்டம் சுற்றியது. ஒப்புதலுக்காகக் காத்திருக்கிறது என்று வந்தது.

அவள் மறந்தே போயிருந்தாள். யாரையும் ஒருத்தர் தனியாக நீக்க முடியாது. கேட்பவர் ஒருவர், ஒப்புக்கொள்பவர் இன்னொருவர், இரண்டு ரேகை வேண்டும். சிவநேசன் வைத்த சட்டம். நல்ல சட்டம்தான். ஆனால் கம்பெனியில் அந்த இரண்டு பேர் யார்? ஒன்று குணா. இன்னொன்று சிவநேசன். அதையும் மாற்றாமல்தான் தப்புச் சத்தத்துக்குப் பயந்து ஓடி வந்திருந்தாள்.

சரி, இது இப்படியே சுற்றிக்கொண்டே கிடக்கும், செத்தவர் எங்கே ஒப்புக்கொள்ளப் போகிறார், காலையில் வேறு வழி பார்க்கலாம் என்று எண்ணிக்கொண்டு மூடப் போனாள்.

வட்டம் நின்றது.

மறுக்கப்பட்டது.

கீழே காரணம் எழுதுகிற கட்டம் ஒன்று உண்டு. யாரும் அதை நிரப்புவதில்லை. அதில் எழுத்துகள் ஒன்றன்பின் ஒன்றாக, ஒரு விரலால் தட்டுகிற ஆளின் நிதானத்தோடு வந்தன.

நான் பாத்துக்கறேன்.

ஹாலில் ஸ்பிரிங் நீண்டு சுருங்கியது. நீண்டு, சுருங்கியது.

குணா பிரேமாவதிக்குப் போன் போட்டாள்.

"அக்கா, தப்பா நினைக்காதீங்க. அண்ணன் போன் ஆன்ல இருக்கா?"

"அவரு போனா?" அக்காவின் குரல் தூங்கி எழுந்தவள் குரல்போல இருந்தது. "அது இங்க இல்லையேம்மா."

"யாருகிட்ட இருக்கு?"

"அவருகிட்டத்தான். போன் இல்லாம அவரு படுத்ததே இல்ல, உனக்குத் தெரியுமே. பொட்டிய மூடறப்ப கைல வெச்சிட்டேன். கை கட்டில்லாம கெடந்துச்சா, நல்லா இறுக்கிப் புடிச்சிக்கிட்டாரு." ஒரு மூக்கு உறிஞ்சல். "நீ சாப்பிட்டியா குணா? பாப்பா நல்லாருக்கா?"

"நல்லாருக்கா அக்கா."

"மாமன கேக்குறாளா?"

குணா போனை வைத்துவிட்டாள்.

மழைக்குள் அந்த இடுகாடு அவள் கண்முன் வந்தது. சிவப்பு மண் மேடு. அதன் மேல் அழுகிப்போன செவ்வந்தி மாலை. அடியில் மூடிய பெட்டிக்குள் ஒரு சின்ன வெளிச்சம் எரிகிறது. அந்த வெளிச்சத்துக்கு மேலே ஒரு கட்டைவிரல். சார்ஜ் இத்தனை நாள் நிற்காதே என்று அவள் மனசு ஒரு கணக்கைப் பிடித்துக்கொள்ளப் பார்த்தது. மண்ணுக்குள் லைன் கிடைக்காதே என்றது. செத்த விரலைப் போன் ஏற்காதே என்றது. ஏற்றதே. அவள்தானே சூடு காட்டி ஏற்க வைத்தாள்.

தொட்டில் வேகமெடுத்தது.

ஓடிப்போய்ச் சுவரிலிருந்து மோட்டார் வயரைப் பிடுங்கினாள். மோட்டார் அடங்கியது. ஸ்பிரிங் மெல்ல மெல்ல ஓய்ந்து நின்றது. பிள்ளையைத் தூக்கக் குனிந்தாள். அப்போது வாசல் பூட்டு தானாகப் பூட்டிக்கொண்ட சத்தம் கேட்டது. அந்தப் பூட்டும் காவலுக்குக் கீழேதான். அவள் நிமிர்ந்து கதவுக்குப் போனாள். இழுத்தாள். அசையவில்லை. ஹால் விளக்கு அணைந்தது. வாசல் விளக்கு அணைந்தது. கூரை முழுக்க மழை. பக்கத்து வீட்டை நோக்கிக் கத்தினாள். அவள் குரல் அவளுக்கே கேட்கவில்லை.

போன். தன் போனில் இருந்து பூட்டைத் திறக்கலாம். ரேகை வைத்தால் போதும்.

வைத்தாள். அடையாளம் தெரியவில்லை.

துடைத்துவிட்டு வைத்தாள். அடையாளம் தெரியவில்லை.

விரலைத் தொட்டுப் பார்த்தாள். சில்லிட்டிருந்தது. மழை ஈரம்தான், கம்பிக் கதவைப் பிடித்த ஈரம்தான். இரண்டு உள்ளங்கைக்கும் நடுவில் வைத்துத் தேய்த்தாள். வாயருகே கொண்டுபோய் ஊதினாள். ஊதும்போதுதான் எங்கேயோ இதைச் செய்திருக்கிறோமே என்று பட்டது. அதற்குள் போன் கண்ணாடியில் ஏதோ எழுத்து வந்து நின்றது. அவள் எழுத்தைப் பார்க்கவில்லை. விரலைத்தான் பார்த்தாள். வைத்தாள்.

போன் ஏற்றுக்கொண்டது.

ஒப்புதலுக்கு நன்றி. குணசுந்தரி நீக்கப்பட்டார்.

இரண்டு ரேகை. கேட்பவர் ஒருவர். ஒப்புக்கொள்பவர் இன்னொருவர்.

வெளிச்சம் சுருங்கி அணைந்தது. போன் வெறும் கண்ணாடித் துண்டாகிவிட்டது. அப்போதுதான் வாசம் வந்தது. ஒட்டுப்பால் நாற்றமில்லை. மழை வாசமில்லை. காரமாக, இனிப்பாக, மூக்கின் உள்ளே குளிர்ந்து ஏறுகிற வாசம். கறுப்பு இருமல் மிட்டாய். அதற்கடியில் ஈர மண்.

ஸ்பிரிங் கிரீச்சிட்டது.

வயர் அவள் காலடியில் கிடந்தது. மோட்டார் ஓடவில்லை.

தொட்டில் ஆடியது.

பின்வாசல் பூட்டு பழைய பூட்டு. சாவி ஆணியில் தொங்குகிறது. பிள்ளையைத் தூக்கு. ஓடு. முதலில் பிள்ளை. ஹாலின் நடுவில் சாரோங் துணி வெளுப்பாகத் தெரிந்தது, கீழே போனது, மேலே வந்தது. துணியின் விளிம்பில் ஒரு இடம் மட்டும் உள்ளே அழுந்தியிருந்தது, யாரோ பிடித்து இழுத்து விடுகிற இடம். ஒரு மின்னலில் அங்கே சிவப்பாக ஈரம் ஊறிக்கொண்டிருப்பது தெரிந்தது. நான்கு விரல். அப்புறம் தள்ளி ஒரு கட்டைவிரல்.

உமையாள் சிரித்தாள். பல் முளைக்காத வாயால், அந்த உயரத்தைப் பார்த்து.

"கொடுங்கண்ணே," என்றாள் குணா. அவளை அறியாமல் வந்தது. "என் பிள்ளைய என்கிட்ட கொடுங்கண்ணே."

கையை நீட்டினாள்.

வலது கையை நீட்டினால் இடது கையும் கூடவே வந்தது. பிரித்தாள். பிரியவில்லை. நெஞ்சுக்குத்தான் திரும்பிப் போயின, இரண்டும் சேர்ந்து. ஜன்னலில் இன்னொரு மின்னல் வெட்டியது. குனிந்து பார்த்தாள்.

வெள்ளை நாடா. கால்வாய்த் தண்ணீர் சொட்டச் சொட்ட. இரண்டு கட்டைவிரலையும் சேர்த்து, சுற்றிச் சுற்றி, அவிழாதபடி முடிச்சுப் போட்டு.

மறுபடி இருட்டு. தொட்டில் ஆடியது, நிதானமாக, ஆட்டிப் பழகிய கையின் நிதானத்தில். அதற்குப் பிறகுதான் குழந்தை அழுதது.